கருத்தடை ஆபரேஷன் முடிந்த நாய்க்கும் பூனைக்கும் வீட்டில் 14 நாட்கள்

எங்கள் நாய் பொம்மிக்குக் கருத்தடை ஆபரேஷன் ஆகி நான்காவது நாள். காலையில் நல்ல பசி அவளுக்கு. வாலை ஆட்டிக்கொண்டு கிண்ணத்தருகே வந்து நின்றாள். காயத்தை நக்காமல் இருக்கக் கழுத்தில் மாட்டியிருந்த கூம்பு வடிவக் கோன் கிண்ணத்தில் இடித்துக்கொண்டே இருந்தது. பாவமாக இருந்ததால் கழற்றிவிட்டேன். அந்த நேரம் பார்த்து கேஸ் சிலிண்டர் வந்தது. கதவைத் திறந்து, பணம் கொடுத்து, திரும்பி வர மூன்று நிமிடம் ஆகியிருக்கும். அதற்குள் அவள் சுருண்டு படுத்து வயிற்றை நக்கிக்கொண்டிருந்தாள். இரண்டு தையல் பிரிந்து, தோலின் ஓரம் சிவப்பாகத் திறந்திருந்தது. மறுபடியும் ஆட்டோ, மறுபடியும் க்ளினிக், மறுபடியும் ஊசி.

முதல் நாள் நாம் எல்லோருமே பயந்து பயந்து கவனிக்கிறோம். கஷ்டம் வருவது, அது நன்றாகிவிட்டது போலத் தெரியும் மூன்றாம், நான்காம் நாளில்தான். வலி குறைந்திருக்கும், பசி வந்திருக்கும், ஓடத் தோன்றும். ஆனால் உள்ளே வயிற்றுத் தசையை அப்போதும் சேர்த்துப் பிடித்திருப்பது நூல்தான். தசை தானாகச் சேர்ந்து பலம் பெறக் குறைந்தது இரண்டு வாரம் வேண்டும். முதன்முறையாக ஒரு நாய்க்கோ பூனைக்கோ இந்த ஆபரேஷன் செய்யப் போகிறவர்களுக்காக, நான் பட்டுத் தெரிந்துகொண்டதையும் டாக்டர்களிடம் கேட்டுத் தெரிந்துகொண்டதையும் வரிசையாகச் சொல்கிறேன்.

முந்தைய நாளே செய்ய வேண்டியவை

வீட்டுக்கு வந்தபிறகு தேட நேரம் இருக்காது. பழைய காட்டன் புடவையோ வேட்டியோ நான்கு துண்டு, ஒரு பாய், ஒரு டார்ச், மருந்து நேரம் எழுத ஒரு நோட்டு. இவ்வளவு போதும். கோனை க்ளினிக்கிலேயே தருவார்களா என்று கேட்டுக்கொள்ளுங்கள். இல்லையென்றால் முன்பே வாங்கிவிடுங்கள்.

படுக்க ஒரு மூலையைத் தேர்ந்தெடுங்கள். ஃபேனுக்கு நேர் கீழே வேண்டாம். ஏறிக் குதிக்க சோபா, கட்டில் இல்லாத இடமாக இருந்தால் நல்லது. நம் வீடுகளில் தரை பெரும்பாலும் டைல்ஸ். மயக்கம் தெளியாத நாயின் கால் அதில் நான்கு பக்கமும் வழுக்கிப் போகும், அடிவயிறு இழுபடும். அதனால் பாயோ சாக்கோ யோகா மேட்டோ, படுக்கையிலிருந்து தண்ணீர்க் கிண்ணம் வரை விரித்து வையுங்கள்.

எத்தனை மணியிலிருந்து சாப்பாடு கொடுக்கக் கூடாது என்பதை டாக்டர் சொல்வார், வயதைப் பொறுத்து மாறும். அதை அப்படியே கேளுங்கள். மயக்கத்தில் வாந்தி எடுத்தால் அது நுரையீரலுக்குள் போய்விடும் என்பதால்தான் வெறும் வயிற்றோடு வரச் சொல்கிறார்கள். பாட்டியோ குழந்தைகளோ பாசத்தில் பிஸ்கட் போட்டுவிடாமல் வீட்டில் எல்லோரிடமும் சொல்லி வையுங்கள்.

க்ளினிக்கை விட்டுக் கிளம்பும்போது

கேட்க வேண்டிய கேள்விகள் நான்கு. வெளித் தையல் தானாகக் கரைவதா, வந்து பிரிக்க வேண்டியதா? வலி ஊசி எத்தனை மணிக்குப் போட்டீர்கள், அடுத்த மருந்து எப்போது? இன்று இரவு எப்போது சாப்பாடு தரலாம்? ராத்திரி ஏதாவது ஆனால் எங்கே போவது? இந்த நான்காவது கேள்வியைத்தான் எல்லோரும் மறக்கிறார்கள். பல க்ளினிக்குகள் இரவில் மூடிவிடும். நடுராத்திரியில் போனைத் துழாவிக்கொண்டிருப்பதைவிட, திறந்திருக்கும் இடத்தின் பெயரையும் வழியையும் பகலிலேயே எழுதி வைத்துக்கொள்வது எவ்வளவோ மேல்.

எங்கள் அம்மா தலைமுறைக்கு நாய் வைத்தியம் என்றாலே வேப்பேரிதான். 1903இல் தொடங்கிய சென்னை கால்நடை மருத்துவக் கல்லூரியின் ஆஸ்பத்திரி அங்கேதான் இருக்கிறது. அங்கே போகிறவர்கள் காலைக் கூட்டத்தை எதிர்பார்த்து, ஒரு ஆளைக் கூடவே அழைத்துப் போங்கள். ஒருவர் சீட்டும் மருந்தும் பார்த்துக்கொள்ள, இன்னொருவர் பிராணியோடு இருக்கலாம்.

தூக்கும்போது வயிற்றுக்குக் கீழே கை கொடுக்காதீர்கள். ஒரு கை நெஞ்சுக்குக் கீழே, இன்னொரு கை பின்தொடைகளுக்குப் பின்னால். இப்படி அணைத்துத் தூக்கினால் தையலில் இழுப்பு வராது. டூவீலரில் மடியில் வைத்துக் கொண்டுபோவது வேண்டவே வேண்டாம். ஆட்டோ என்றால் டிரைவரிடம் விஷயத்தைச் சொல்லி மெதுவாகப் போகச் சொல்லுங்கள். மெட்ரோ வேலை நடக்கும் ரோட்டில் ஒவ்வொரு பள்ளமும் அதன் வயிற்றில்தான் இடிக்கும். கத்திரி வெயில் காலத்தில் மதியம் இரண்டு மணிக்கு அழைத்து வர வேண்டாம். மயக்க மருந்தின் வேகம் இருக்கும்வரை அதன் உடம்பால் சூட்டையும் சமாளிக்க முடியாது, குளிரையும் சமாளிக்க முடியாது. வெயில் இறங்கியபின் வந்து கூட்டிப்போகலாமா என்று கேளுங்கள்.

முதல் இரவு

பொம்மியைப் பாயில் படுக்க வைத்தபோது அவள் கண் பாதி திறந்திருந்தது, நாக்கு நுனி வெளியே தெரிந்தது. என்னை அடையாளம் தெரியாதவள் போலச் சுவரைப் பார்த்து மெல்லிய குரலில் முனகினாள். காதைத் தொட்டால் சில்லென்று இருந்தது. உடம்பு விட்டுவிட்டு நடுங்கியது. எனக்கு அழுகையே வந்துவிட்டது. பிறகுதான் தெரிந்தது, முதல் ராத்திரி முனகல் பெரும்பாலும் மயக்கம் தெளியும் குழப்பத்தில் வருவது. நடுக்கம், மயக்கத்தில் உடல் சூடு இறங்குவதால் வருவது. அம்மாவின் பழைய சுங்குடிப் புடவையை இரண்டாக மடித்துப் போர்த்தி, பக்கத்தில் உட்கார்ந்து மெதுவாகப் பேசிக்கொண்டிருந்தேன். இரண்டு மணி நேரத்தில் காது வெதுவெதுப்பானது, தூங்கிவிட்டாள்.

போர்த்துவது போதும். வெந்நீர்ப் பையை உடம்போடு ஒட்டி வைக்காதீர்கள். சுட்டால் நகர்ந்துகொள்ளும் தெளிவு அதற்கு அப்போது இருக்காது, தோல் வெந்துபோகும். ஏசி போடுவதானால் 26க்குக் கீழே வேண்டாம்.

தலையை நேராக நிறுத்தித் தள்ளாடாமல் நடந்து கிண்ணத்துக்கு வந்தால்தான் தண்ணீர். முதலில் இரண்டு மூன்று ஸ்பூன் அளவு. அரை மணி நேரம் வாந்தி இல்லையென்றால் இன்னும் கொஞ்சம். அதன்பிறகு வழக்கமான சாப்பாட்டில் கால் பங்கு. சாப்பிடவில்லையென்றால் விட்டுவிடுங்கள், காலையில் பார்க்கலாம். ஒருமுறை வாந்தி எடுப்பது சகஜம். எங்கள் வீட்டில் அம்மா மனசு கேட்காமல் பாலைச் சுட வைத்து எடுத்து வந்துவிட்டார். அரைத் தூக்கத்தில் இருக்கும் பிராணியின் வாயில் எதையும் ஊற்றக் கூடாது, அது நுரையீரலுக்குள் இறங்கிவிடும். பாசத்தில் செய்கிறவர்களிடம் இதைக் கோபப்படாமல் எடுத்துச் சொல்லுங்கள்.

கட்டிலில் படுக்க வைக்காதீர்கள், உருண்டு விழும். வேறு நாய் இருந்தால் தனி அறையில் வையுங்கள். குழந்தைகளையும் அன்றிரவு தள்ளியே இருக்கச் சொல்லுங்கள். எவ்வளவு சாதுவான நாயாக இருந்தாலும், அந்தக் குழப்பத்தில் பயந்து கடித்துவிடக்கூடும்.

மறுநாளும் அதற்கு அடுத்த நாளும்

காலையில் எழுந்ததும் ஈறைப் பாருங்கள். மேல் உதட்டைத் தூக்கினால் ரோஜா நிறத்தில் இருக்க வேண்டும். விரலால் அழுத்தி விட்டால் வெளுத்து, இரண்டு நொடிக்குள் மறுபடியும் நிறம் வர வேண்டும். ஈறு கறுப்பாக இருக்கும் நாய்க்குக் கீழ் இமையின் உள்பக்கத்தைப் பாருங்கள். ஆரோக்கியமாக இருக்கும்போதே ஒருமுறை பார்த்து வைத்திருந்தால் வித்தியாசம் சட்டென்று தெரியும்.

ஓரிரு நாள் லேசாக இருமலாம். மயக்கத்தின்போது தொண்டையில் குழாய் வைத்திருந்ததால் வருவது. முன்காலில் கொஞ்சம் முடி வழித்திருப்பார்கள், மருந்து ஏற்றும் ஊசிக்குழாய் (வென்ஃப்ளான்) போட்ட இடம் அது. மலம் இரண்டு மூன்று நாள் வராமல் இருக்கலாம், வயிறு காலியாக இருந்ததுதான் காரணம். சிறுநீர் அப்படியில்லை. 24 மணி நேரம் ஆகியும் போகவில்லையென்றால் டாக்டருக்குப் போன் செய்யுங்கள்.

சாப்பாட்டுக்கு வேகவைத்த கோழியும் குழைந்த சாதமும் நல்லது. உப்பு, மசாலா, வெங்காயம், பூண்டு எதுவும் கூடாது. வெங்காயமும் பூண்டும் நாய்க்கும் பூனைக்கும் ரத்தத்தைக் கெடுக்கும். தயிர் சாதம் பழகிய நாய் என்றால் அதையும் கொஞ்சம் தரலாம். மாத்திரையை இட்லித் துண்டுக்குள் வைத்து உருட்டித் தந்தால் பொம்மி கேள்வியே கேட்காமல் விழுங்கிவிடுவாள்.

மருந்து விஷயத்தில் ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். வலியில் முனகுகிறதே என்று வீட்டில் இருக்கும் மாத்திரையைக் கொடுத்துவிடாதீர்கள். டோலோ, க்ரோசின் எல்லாம் பாராசிட்டமால். பூனைக்கு ஒரே ஒரு மாத்திரை உயிரை எடுத்துவிடும். ப்ரூஃபென், காம்பிஃப்ளாமில் இருக்கும் ஐபுப்ரோஃபென் நாயின் வயிற்றையும் சிறுநீரகத்தையும் பாழாக்கும். டாக்டர் எழுதித் தரும் வலி மருந்து, பெரும்பாலும் மெலாக்சிகாம், எடைக்குத் தக்க அளவில் இருக்கும். சாப்பிட்ட பிறகு கொடுங்கள். அதைக் கொடுத்தபின் தொடர்ந்து வாந்தி வந்தாலோ மலம் கறுப்பாகப் போனாலோ அடுத்த வேளையை நிறுத்திவிட்டுப் போன் செய்யுங்கள். ஆன்டிபயாடிக் எழுதியிருந்தால் சொன்ன நாள் வரை முழுதாக முடியுங்கள்.

நடை என்றால் சிறுநீர், மலத்துக்கு மட்டும். வாரில் கட்டி, ஐந்து நிமிடம், வீட்டு வாசலோடு சரி. லிஃப்ட் இல்லாத இரண்டாவது மாடியில் இருக்கிறோம், முதல் வாரம் முழுக்க நானும் தம்பியும் மாறி மாறித் தூக்கித்தான் இறக்கினோம். தூக்க முடியாத பெரிய நாய் என்றால் வாரைக் கையிலேயே குறுக்கிப் பிடித்து, ஒவ்வொரு படியாக இறக்குங்கள்.

கோன்

கோன் போட்டதும் அது சிலைபோல் நிற்கும், சுவரில் முட்டும், உங்களைப் பரிதாபமாகப் பார்க்கும். ஒரு நாளில் பழகிவிடும். அந்த ஒரு நாளை நாம்தான் தாங்கிக்கொள்ள வேண்டும். அளவு சரியாக இருக்கிறதா என்று பாருங்கள். கழுத்துப் பட்டைக்குள் இரண்டு விரல் நுழைய வேண்டும், விளிம்பு மூக்கைத் தாண்டி ஓரிரு அங்குலம் நீட்டிக்கொண்டிருக்க வேண்டும். மூக்கு வெளியே தெரிந்தால் நாக்கு காயத்தை எட்டிவிடும். சாப்பிடுவதற்கு, கோனின் வாயைவிடச் சின்னக் கிண்ணமாக எடுத்து ஒரு செங்கல்மேல் வையுங்கள், இடிக்காது. இந்த ஒரு செங்கல் எனக்கு முதலிலேயே தெரிந்திருந்தால் அந்த இரண்டு தையல் தப்பியிருக்கும். கழற்றித்தான் ஆக வேண்டுமென்றால், உங்கள் கை அதன்மேல் இருக்கும்வரை மட்டும். காலிங் பெல் அடித்தால் முதலில் கோன், பிறகு கதவு.

பெண் நாய்க்குப் பழைய காட்டன் டிஷர்ட்டும் உதவும். முன்கால்களைக் கைகளுக்குள் விட்டு, இடுப்பருகே மிச்சத் துணியைச் சுருட்டி ரப்பர் பேண்டால் முதுகுமேல் முடிச்சு போடுங்கள். சிறுநீர் போகும்போது முடிச்சை அவிழ்த்து ஏற்றிவிட வேண்டும். நம் ஊர்ப் புழுக்கத்தில் துணி சீக்கிரம் ஈரமாகிவிடும். ஈரத்துணி காயத்தில் ஒட்டிக் கிடந்தால் சீழ் பிடிக்கும். அதனால் காலை மாலை மாற்றுங்கள். ஆண் நாய்க்கு வெட்டு விதைப்பைக்குச் சற்று முன்னால் இருப்பதால் டிஷர்ட் மறைக்காது, கோன்தான் வழி.

காயத்தைப் பார்ப்பதும், தொடாமல் இருப்பதும்

தினம் இரண்டு முறை, பகல் வெளிச்சத்தில் பாருங்கள். காலையில் ஒரே கோணத்தில் போனில் ஒரு போட்டோ எடுத்து வைத்தால், நேற்றைவிட வீக்கம் கூடியிருக்கிறதா என்பதில் சந்தேகமே வராது. டாக்டருக்கு அனுப்பவும் உதவும். முதல் மூன்று நாள் விளிம்பில் லேசான சிவப்பு, கொஞ்சம் தடிப்பு, ஓரிரு துளி கசிவு இருக்கலாம். தையலுக்கு அடியில் வலியில்லாத மெத்தென்ற வீக்கம் வந்தால் பெரும்பாலும் அதிகம் துள்ளியதால் நீர் சேர்ந்திருக்கும். அமுக்காதீர்கள், ஊசியால் குத்தாதீர்கள், டாக்டரிடம் காட்டுங்கள்.

"டேய், கொஞ்சம் மஞ்சள் வெச்சா சீக்கிரம் ஆறிடும்டா" என்றார் அம்மா.

"வேண்டாம்மா. நக்கிடுவா, காயமும் ஈரமாவே இருக்கும். சிவப்பா இருக்கா இல்லையான்னே அப்புறம் தெரியாது."

நம் காயத்துக்கு நாம் எதையெதையோ வைத்துப் பழகியவர்கள். இந்தக் காயம் காய்ந்து, காற்று பட்டு இருந்தாலே ஆறும். மஞ்சள், தேங்காய் எண்ணெய், வேப்பெண்ணெய், பவுடர் எதுவும் தேவையில்லை. டெட்டால் பூனைக்கு விஷம். டாக்டர் ஏதாவது தடவச் சொல்லியிருந்தால் அதை மட்டும். தையல் பிரிக்கும்வரை குளியல் கிடையாது. ஐப்பசி, கார்த்திகை மழையில் வெளியே போய்வந்தால் பாதத்தையும் காலையும் துண்டால் ஒற்றி எடுங்கள், வயிற்றில் சேறு தெறித்திருக்கிறதா என்று பாருங்கள்.

சென்னையில் இன்னொரு கவலை ஈ. ஈரமான காயத்தில் ஈ உட்கார்ந்து முட்டை வைத்தால் ஒரே நாளில் புழு வந்துவிடும். மொட்டை மாடியிலோ போர்ட்டிகோவிலோ கட்டிப்போட வேண்டாம், 14 நாளும் வீட்டுக்குள்தான். சின்ன நாய்க்கும் பூனைக்கும் கைக்குழந்தைக்குக் கவிழ்க்கும் மடக்குக் கொசுவலை அருமையாக உதவும். ஈயை விரட்ட கற்பூரமோ அந்துருண்டையோ பக்கத்தில் வைத்துவிடாதீர்கள், இரண்டுமே அவற்றுக்கு விஷம்.

பூனை என்றால்

பூனை சில நேரம் கண்ணைத் திறந்தபடியே மயக்கத்தில் இருக்கும். இருட்டான, சின்ன, சத்தமில்லாத அறையில், கூடையின் கதவைத் திறந்து வைத்துவிட்டு நீங்கள் தள்ளி உட்காருங்கள். தெளியும்போது திடீரென்று தாவப் பார்க்கும். அதனால் பீரோ, லாஃப்ட், ஜன்னல் கிரில் எட்டாத அறையாக இருக்கட்டும். கழிப்பதற்கு வைக்கும் தட்டில் ஒரு வாரத்துக்கு மணல் போடாமல் பழைய செய்தித்தாளைக் கிழித்துப் போடுங்கள், மணல் காயத்தில் ஒட்டும். ஆண் பூனைக்குப் பெரும்பாலும் தையலே இருக்காது, சின்ன வெட்டு தானாக மூடிக்கொள்ளும். அதைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். பூனை ஒரு நாளுக்கு மேல் பட்டினி கிடந்தால் மட்டும் காத்திருக்காதீர்கள். சாப்பிடாமல் விட்டால் பூனையின் ஈரல் சீக்கிரம் கெடும். மீன் வேகவைத்த தண்ணீரை வெதுவெதுப்பாகச் சாப்பாட்டில் கலந்தால் வாசனைக்கே வந்துவிடும்.

உங்கள் தெருநாய்க்கு ஆகியிருந்தால்

இந்த ஊரில் ப்ளூ கிராஸ் என்ற விலங்கு நல அமைப்பு 1964லேயே தெருநாய்களுக்குக் கருத்தடை செய்யத் தொடங்கிவிட்டது. இப்போது மாநகராட்சியும் செய்கிறது. மத்திய அரசின் 2023ஆம் ஆண்டு விலங்கு இனப்பெருக்கக் கட்டுப்பாட்டு விதிகளின்படி, பிடித்த இடத்திலேயே திரும்பக் கொண்டுவந்து விட வேண்டும். காதில் சின்னதாக வெட்டியிருந்தால் கருத்தடை ஆகிவிட்டது என்று அர்த்தம், காயம் என்று பதற வேண்டாம். அது தெருவுக்கு வந்தபின் நாம் செய்யக்கூடியது, வேளைக்குச் சாப்பாடும் தண்ணீரும் ஒரே இடத்தில் வைத்து, அது சாப்பிடும்போது வயிற்றை ஒரு பார்வை பார்ப்பது. சீழோ புழுவோ தெரிந்தால் மாநகராட்சியின் 1913 எண்ணுக்கு அழைத்துச் சொல்லுங்கள்.

உடனே கிளம்ப வேண்டிய நேரம்

ஈறு வெளுத்திருந்தால், எழுந்து நிற்க முடியாமல் சோர்ந்தால், வயிறு உப்பிக்கொண்டே வந்தால் உள்ளே ரத்தம் கசியலாம். ஒரு நிமிடம்கூடத் தாமதிக்காதீர்கள். காயத்திலிருந்து ரத்தம் சொட்டுச் சொட்டாக நிற்காமல் வந்தாலும், மூச்சு வாங்கினாலும், திரும்பத் திரும்ப வாந்தி எடுத்தாலும் அப்படித்தான். தையல் திறந்து உள்ளிருந்து ஏதாவது வெளியே தெரிந்தால், உள்ளே தள்ளப் பார்க்காதீர்கள். சுத்தமான துணியை ஆறவைத்த கொதிநீரில் நனைத்து மேலே சுற்றி, நக்கவிடாமல் பிடித்துக்கொண்டு புறப்படுங்கள். நாற்றம், மஞ்சள் சீழ், 24 மணி நேரமாகச் சாப்பிடாதது, தெர்மாமீட்டரில் 103க்கு மேல் காய்ச்சல் என்றால் அன்றைக்கே டாக்டரிடம் காட்டுங்கள். நாய்க்கும் பூனைக்கும் 100.5 முதல் 102.5 வரை இயல்பான சூடு. நமக்குக் காய்ச்சல் என்றால் தொடும்போதே தெரிவதுபோல் அவற்றுக்குத் தெரியாது.

தையல் பிரித்தபின்

பத்தாம் நாளிலிருந்து 14ஆம் நாளுக்குள் பிரிப்பார்கள், ஐந்து நிமிட வேலை. பிரித்து இரண்டு மூன்று நாள் கழித்துக் குளிப்பாட்டலாம். நடையை ஒரு வாரத்தில் மெல்லக் கூட்டுங்கள்.

ஆண் நாயோ பூனையோ என்றால், ஆபரேஷன் ஆனவுடனே கருத்தரிக்க வைக்காது என்று நினைத்துவிடக் கூடாது. ஏற்கெனவே உள்ளே இருக்கும் விந்து சில வாரம் நிற்கும். ஆறு வாரமாவது கருத்தடை ஆகாத பெண் துணையிடம் விடாதீர்கள்.

அப்புறம் சாப்பாடு. கருத்தடைக்குப் பிறகு பசி கூடும், உடம்புக்குத் தேவைப்படும் அளவு குறையும். காயம் ஆறியபின் வழக்கமான அளவில் ஐந்தில் ஒரு பங்கைக் குறைத்துப் பாருங்கள், மாதம் ஒருமுறை எடை பாருங்கள். வீட்டு மெஷினில் நீங்கள் மட்டும் ஒருமுறை ஏறி, அதைத் தூக்கிக்கொண்டு இன்னொருமுறை ஏறிக் கழித்தால் போதும். பொம்மியின் எடையை அன்றைக்கு மருந்து எழுதிய அதே நோட்டில்தான் இன்னும் எழுதி வருகிறேன்.